மேற்படி

ஐயா,
தங்கள் கேள்விக் கடிதம் மழையில் நனைந்து வந்து சேர்ந்தது.
நாற்பத்தொன்றாம் ஆண்டு அறுபத்திரண்டு கம்பளி,
மறு ஆண்டு நாற்பது,
அதற்கு மறு ஆண்டு திரும்பவும் அறுபத்திரண்டு.
இந்தப் பள்ளத்தாக்கில் ஆட்கள் எப்படிக் குறைந்தார்கள்,
எப்படிப் பெருகினார்கள்?
விளக்குக என்று எழுதியிருக்கிறீர்கள்.

நான் கள்ளக் கையெழுத்துக்காகக் கப்பலேற்றப்பட்டவன்.
சிட்னித் துறையில் என்னையும் எழுதிக்கொண்டார்கள்:
உயரம், கண்ணின் நிறம், இடது புருவத்தில் வெட்டு.
பிறகு அதே கையெழுத்தைப் பார்த்துவிட்டு
இந்த மேசையைக் கொடுத்தார்கள்.

ராணியின் பிறந்தநாள். புல்லெல்லாம் உறைபனி.
நீதிமன்றத்தின் மேல்படியில் நானும் மேசையும்,
கீழே அவர்கள்.
கட்டங்கள் உங்கள் அச்சகம் போட்டுத் தந்தவை:
ஆங்கிலப் பெயர், சொந்தப் பெயர், வயது,
மனைவியர் எத்தனை, வழக்கமாகத் தங்குமிடம்.

முதலில் வந்தவர் நெடியவர்;
மேய்ப்பர்கள் அவரை 'கேப்டன்' என்பார்கள், சிரித்துக்கொண்டே.
தங்குமிடம்? என்றேன்.
கையை ஒரு சுற்றுச் சுற்றினார்.
ஆற்றின் வளைவு, மலைச்சரிவு, ஆட்டுப்பட்டி,
நீதிமன்றம், மேசை, நான்
எல்லாம் அந்தக் கைக்குள் வந்துபோனோம்.
'ஆறு' என்று எழுதினேன்.
கட்டத்தின் அகலம் அவ்வளவுதான்.
அதற்குக் கீழே அறுபத்தொரு முறை
மேற்படி
மேற்படி
மேற்படி.
மை மிச்சம் என்று குறித்துவைத்தேன்.

'டச்சஸ்' என்று அழைக்கப்பட்டவள்
தன் பெயரைச் சொன்னாள். யெரிங்கா என்று விழுந்தது என் காதில்.
மறு ஆண்டு யாரிங்கே.
அதற்கு மறு ஆண்டு நாக்கை மடித்துக் காட்டி
நாலு தடவை சொல்லித் தந்தாள்,
கம்பளிக் கட்டைப் பார்த்தாள்,
சரி, எழுதிக்கொள் என்பதுபோல் தலையசைத்தாள். எரிங்.
உங்கள் கணக்கில் அவள் மூன்று பெண்கள்,
அவர்களில் இருவர் காணவில்லை.

நாற்பதைப் பற்றிக் கேட்டீர்கள்.
அந்த மார்ச் மாதம் மேல்வளைவுக்குப் போன குதிரைகள்
மூன்றாம் நாள் திரும்பின.
நான் கண்டது இவ்வளவே:
விடியற்காலை, கிணற்றடியில்,
ஒன்பது பேர் பேச்சில்லாமல் சேணம் கழுவிக்கொண்டிருந்தார்கள்.
அதற்குப் படிவத்தில் கட்டம் இல்லை.

அடுத்த ஆண்டு வண்டியில் அறுபத்திரண்டு வந்து இறங்கியது;
ஆட்கள் முப்பத்தெட்டு.
மிச்சக் கம்பளிகளைப் பார்த்தார் மாஜிஸ்திரேட்,
குளிரில் நிற்கும் தன் மேய்ப்பர்களைப் பார்த்தார்.
"கணக்கு நேராக இருக்கட்டும், ட்ரெகார்த்தன்."
ஒரு மெழுகுவர்த்தி தீர்வதற்குள்
இருபத்துநான்கு பேரைப் பெற்றெடுத்தேன்.
வயது கொடுத்தேன். ஒருவனுக்கு இரண்டு மனைவியர்.
எழுத்துப் பிழையே இல்லை;
திருத்திச் சொல்ல அவர்களுக்கு வாய் இல்லையே.
தங்குமிடம், மேற்படி.
அந்தப் பக்கத்தைத்தான் 'மிகத் தெளிவு' என்று
தாங்கள் பாராட்டியிருந்தீர்கள்.

இந்த ஆண்டு கம்பளி நிறுத்தம் என்று உத்தரவு.
அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. பத்தொன்பது பேர் வந்து நின்றார்கள்.
கொடுக்க ஒன்றும் இல்லாதவன்
பேரேட்டைத் திறந்து பெயர்களை வாசிக்கத் தொடங்கினேன்.
ஏன் என்று இன்னும் தெரியவில்லை.
ஒவ்வொரு பெயருக்கும் ஒரு முகம் திரும்பியது.
ஒருத்தி காதைப் பொத்திக்கொண்டாள்.
போனவர்களின் பெயரை வாய்விட்டுச் சொல்லக் கூடாதாம்;
எரிங் படியேறி வந்து
பக்கத்தின்மேல் உள்ளங்கையை வைத்தாள்.
அவள் விரலிடுக்கில் தெரிந்ததையும் வாசித்தேன்.
என் இருபத்துநான்கு பேர்.
அப்போது மட்டும்
யாரும் திரும்பவில்லை.

இறந்தவர்களைச் சிவப்பு மையால் அடிக்கச் சொல்லும்
தங்கள் சுற்றறிக்கைப்படி
முதல் வரிசையை நேற்று அடித்தேன்,
பெயர் முதல் 'ஆறு' வரை, அளவுகோல் வைத்து.
கீழே மேற்படிகள் அப்படியே நிற்கின்றன.
அவை எதைச் சொல்கின்றன என்று
இனி வரும் குமாஸ்தா கேட்டால்
என்ன பதில் எழுதுவது என்று
தெரிவிக்க வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
தங்கள் கீழ்ப்படியும் ஊழியன்
அம்ப்ரோஸ் ட்ரெகார்த்தன்

(அனுப்பப்படவில்லை.)